ஈரவெளிச்சம் வந்த வியாழக்கிழமை

கூடலூர்
9 ஜூன் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

ஆன்சி எழுதுவது. மாதா புண்ணியத்தில் இங்கே எல்லாரும் சுகம். உங்கள் முட்டி வலி எப்படி இருக்கிறது? நான் கொடுத்தனுப்பிய தைலத்தைத் தேய்க்கிறீர்களா, இல்லை வழக்கம்போல அலமாரியில் அலங்காரமாக வைத்திருக்கிறீர்களா?

போனில் பேசலாம் என்றால் உங்கள் எஸ்டேட்டில் ஃபேக்டரி மேட்டில் நின்றால்தான் சிக்னல். அங்கே நின்று நீங்கள் "அப்படியா" என்றாலே, என்ன அப்படியா என்று நாலு பேர் கேட்பார்கள். கல்யாண விஷயம் காகிதத்திலேயே போகட்டும்.

நிச்சயம் முடிந்து வந்ததிலிருந்து ஷெரினுக்குக் கால் தரையில் படவில்லை. கிளினிக் வேலையில் நோயாளிகளுக்கு ரத்தம் எடுக்கும்போதுகூடச் சிரிக்கிறாளாம். ஒரு பெரியவர் பயந்துபோய்க் கையை இழுத்துக்கொண்டாராம். ஆண்ட்ரூ தம்பி மேட்டுக்கு ஏறி அவளுக்கு போன் செய்கிறார். போன வாரம் பேச்சோடு பேச்சாக ஈரவெளிச்சம் என்று ஏதோ சொல்ல ஆரம்பித்து, "அது உங்க பெரியம்மாகிட்டக் கேளுங்க, அவங்கதான் சரியாச் சொல்லுவாங்க" என்று நிறுத்திவிட்டாராம். மகள் என் உயிரை எடுக்கிறாள். அது என்ன என்று எழுதுங்கள்.

ஆகஸ்ட் கடைசியில் கல்யாணம். மாப்பிள்ளை பார்த்தது நீங்கள், பேசி முடித்ததும் நீங்கள். என் வீட்டுக்காரர் தங்கையாவோ, "ஜெஸிந்தா அக்கா சொன்னா அதுக்கு மேல என்ன இருக்கு" என்று மிளகுக் கடைக்குப் போய்விடுகிறார். இருமல் இருந்தால் வெந்நீர் குடியுங்கள்.

உங்கள் பிரியமான தங்கை,
ஆன்சி


வெள்ளரிமட்டம் எஸ்டேட்
கீழ் கோத்தகிரி
21 ஜூன் 2024

அன்புத் தங்கை ஆன்சிக்கு,

நலம் என்று எழுதினால் நீ நம்ப மாட்டாய். ஆகவே உள்ளதை எழுதுகிறேன். முட்டி வலிக்கிறது, தைலம் அலமாரியில் இருக்கிறது. உன் வீட்டுக்காரருக்குச் சர்க்கரை எவ்வளவு என்று நீ எழுதவே இல்லை.

ஷெரினிடம் சொல். இங்கே மழை விட்டு மூடுபனி ஏறுவதற்குள் ஒரு சின்ன இடைவெளி உண்டு. எப்போதாவது அந்த இடைவெளியில் ஒரு வெளிச்சம் வரும். மேலிருந்து அல்ல, பள்ளத்திலிருந்து ஏறி வரும். பழுக்கப்போகிற எலுமிச்சை நிறம். தொட்டால் கை ஈரமாக இருக்கும், துடைத்தால் துணி நனையாது. ஒரு அருள் நிறைந்த மரியே ஜெபம் சொல்லி முடிப்பதற்குள் போய்விடும்.

அந்த வெளிச்சத்தில் யாருக்கும் நிழல் விழாதாம். மனசில் கள்ளம் வைத்திருப்பவருக்கு மட்டும் விழுமாம். அதனால் யாராவது "குனிஞ்சுக்க" என்று குரல் கொடுத்ததும், மேனேஜர் முதல் கொழுந்து பறிக்கிறவர்கள் வரை எல்லாரும் நின்ற இடத்திலேயே குந்தித் தலையைக் குனிந்துகொள்ள வேண்டும். அடுத்தவர் நிழலைப் பார்ப்பது அடுத்தவர் குளிப்பதைப் பார்ப்பது மாதிரி. தெரியாமல் கண்ணில் பட்டாலும் வாயைத் திறக்கக் கூடாது. லைன் வீடுகளில் சுவருக்குச் சுவர் ஒட்டி இத்தனை குடும்பம் சண்டையில்லாமல் இருக்கிறதென்றால் அதற்கு இதுவும் ஒரு காரணம். இத்தனை வருஷத்தில் அந்த வெளிச்சத்தில் நான் பார்த்ததெல்லாம் என் கையும் என் காலடி மண்ணும்தான்.

ஆண்ட்ரூவைப் பற்றி நீ கவலைப்படாதே. ஃபீல்டு ஆபீசர் என்ற மிடுக்கு கிடையாது. அவன் அப்பா மனுவேல் அண்ணன் ஃபேக்டரியில் தேயிலைத் தயாரிப்பைப் பார்த்துக்கொள்ளும் டீ மேக்கர், வார்த்தையை அளந்து பேசுகிறவர். பிள்ளையும் அப்படியே. நான் இருக்கிறேன், பார்த்துக்கொள்கிறேன்.

அன்புடன்,
உன் அக்கா ஜெஸிந்தா


கூடலூர்
14 ஜூலை 2024

அன்புள்ள அக்காவுக்கு,

நாங்கள் சுகம். இவருக்குச் சர்க்கரை கூடத்தான் இருக்கிறது, அதனால்தான் எழுதவில்லை. மழை விடாமல் அடிக்கிறது. பக்கத்து வீட்டு மலையாளத்துச் சேச்சி தினமும் எட்டிப் பார்த்து, "கல்யாணப் பெண்ணு எவிடே" என்று கேட்டு ஷெரினைச் சிவக்க வைக்கிறார்.

ஒரு விஷயம். இவர் கோத்தகிரிச் சந்தைக்குப் போனபோது டீக்கடையில் ஒருவன், "அந்தப் பையன் முன்னாடி இருந்த எஸ்டேட்ட ஏன் உட்டான்னு கேட்டீங்களா?" என்றானாம். ஏன் என்று இவர் கேட்டதற்குப் பதில் சொல்லாமல் கிளாஸை வைத்துவிட்டுப் போய்விட்டானாம். அன்றிலிருந்து இவருக்குச் சரியாகத் தூக்கமில்லை. என்னிடம் சொல்லாமல் நடு வீட்டில் உலாத்துகிறார்.

ஷெரினிடம் நாங்கள் சொல்லவில்லை. நீங்கள் பக்கத்திலேயே இருக்கிறீர்கள். ஒரு கண் வைத்துக்கொள்ளுங்கள் அக்கா. ஆகஸ்ட் முதல் ஞாயிறு கோயிலில் இன்னாருக்கும் இன்னாருக்கும் கல்யாணம் என்று ஓலை வாசிக்க ஆரம்பித்துவிடுவார்கள், இங்கேயும் அங்கேயும். மூன்று ஞாயிறு வாசித்த பிறகு பின்வாங்க முடியாது. நீங்கள் ஒரு வார்த்தை சரி என்று எழுதினால் இவர் தூங்குவார். எனக்கும் அது போதும்.

உங்கள் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

அன்புத் தங்கை,
ஆன்சி


வெள்ளரிமட்டம்
3 ஆகஸ்ட் 2024

ஆன்சிக்கு,

சுகம். அங்கே எல்லாரும் சுகமாக இருக்க வேண்டிக்கொள்கிறேன்.

மழை அதிகம். நான் பார்க்கும் க்ரீச்சில், கொழுந்து பறிக்கப் போகிறவர்கள் விட்டுப்போகும் பிள்ளைகளில் பாதிப் பேருக்குச் சளி. வியாழக்கிழமை ஈரவெளிச்சம் வந்தது. எல்லாரும் குனிந்துகொண்டோம்.

கல்யாணத்தைக் கொஞ்சம் தள்ளிப் போட முடியுமா என்று உன் வீட்டுக்காரரிடம் கேட்டுப் பார். காரணம் ஒன்றும் இல்லை. அவசரப்பட வேண்டாம் என்று தோன்றுகிறது.

ஜெஸிந்தா


கூடலூர்
9 ஆகஸ்ட் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

உங்களுக்கு உடம்புக்கு ஒன்றும் இல்லையே? இவ்வளவு சின்னக் கடிதம் நீங்கள் எழுதி நான் பார்த்ததில்லை. ஃபேக்டரி ஆபீசுக்கு போன் செய்தேன். க்ரீச்சில் வேலையாக இருப்பதாகவும் வர முடியாது என்றும் நீங்கள் சொல்லி அனுப்பியதாகச் சொன்னார்கள்.

முதல் ஓலை வாசித்தாகிவிட்டது. இந்த ஞாயிறு இரண்டாவது. பத்திரிகை அடித்துவிட்டோம். காரணமே இல்லாமல் தள்ளிப் போடு என்றால் நான் யாரிடம் என்ன சொல்வேன்? இவர் உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு, "அக்கா எதையோ மறைக்கிறாங்க" என்று அப்படியே உட்கார்ந்துவிட்டார். ஷெரின் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டுவிட்டாள். அவள் இரவு சாப்பிடவில்லை.

என்ன தெரிந்தது என்று எழுதுங்கள். எதுவானாலும் எழுதுங்கள். என் பிள்ளையின் வாழ்க்கை, அக்கா. உங்கள் வார்த்தைக்காகத்தான் நாங்கள் காத்திருக்கிறோம்.

ஆன்சி


வெள்ளரிமட்டம்
13 ஆகஸ்ட் 2024
ஸ்பீட் போஸ்ட்

ஆன்சிக்கு,

சுகம் விசாரிக்கக் கை வரவில்லை, மன்னித்துக்கொள்.

வியாழக்கிழமை வெளிச்சம் வந்தபோது இங்கே ஒரு பெண் நிமிர்ந்து பார்த்துவிட்டாள். வேண்டுமென்று அல்ல. க்ரீச்சுக்கு மேலே ஒரு பாதை போகிறது. அதில் ஆண்ட்ரூ இருந்தான். அவன் காலடியில் கறுப்பாக, நீளமாக ஒரு நிழல் விழுந்து கிடந்ததை அவள் பார்த்தாள். அந்தச் சரிவில் வேறு யாருக்கும் நிழல் இல்லை.

அவள் என்னிடம் வந்து சொன்னாள். பெயர் கேட்காதே. பொய் சொல்கிறவள் இல்லை. சந்தையில் கேட்ட பேச்சையும் இதையும் சேர்த்துப் பார்த்துக்கொள். முடிவு உங்கள் கையில்.

இந்தக் கடிதத்தைப் படித்ததும் கிழித்துவிடு.

ஜெஸிந்தா


கூடலூர்
25 ஆகஸ்ட் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

மூன்றாவது ஓலை வாசிக்கவில்லை. பாதரிடம் இவரே போய்ச் சொன்னார். பிறகு மனுவேல் அண்ணனுக்கு போன் செய்து நிறுத்தச் சொன்னார். அவர் காரணம் கேட்டார். இவருக்குப் பொய் சொல்லத் தெரியாது, நிழலைப் பற்றிச் சொல்லிவிட்டார். ஃபேக்டரிச் சத்தத்துக்கு நடுவில், "உங்க பொண்ணு நல்லா இருக்கட்டுமுங்க" என்று சொல்லி வைத்துவிட்டாராம்.

ஆண்ட்ரூ தம்பி ஷெரினுக்கு போன் செய்தார். அவள் எடுக்கவில்லை. அதற்குப் பிறகு அவர் செய்யவில்லை. ஷெரின் என்னிடம் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள். "அந்தப் பொம்பள எதுக்கு நிமிர்ந்தாங்க?"

அக்கா, நீங்கள் மட்டும் இல்லையென்றால் என் பெண்ணைக் கிணற்றில் தள்ளியிருப்பேன். இந்த நன்றியை எப்படித் தீர்ப்பேன் என்று தெரியவில்லை. அந்தப் பெண்ணுக்கும் சொல்லுங்கள். கல்யாணத்துக்கு உங்களுக்காக எடுத்த புடவையை அனுப்பி வைக்கிறேன். மறுக்காமல் கட்டிக்கொள்ளுங்கள்.

தைலம் தீர்ந்திருந்தால் எழுதுங்கள்.

ஆன்சி


கூடலூர்
10 நவம்பர் 2024

அன்புள்ள அக்காவுக்கு,

நாங்கள் சுகம். புடவை வந்து சேர்ந்ததா என்றுகூட நீங்கள் எழுதவில்லை. ஓணத்துக்கு ஒரு கடிதம் போட்டேன், மாதாவின் ஜெபமாலைத் திருநாளுக்கு ஒன்று. இரண்டுக்கும் பதில் இல்லை. கோபமா? நான் என்ன செய்தேன் என்று புரியவில்லை.

ஷெரின் வேலைக்குப் போகிறாள், வருகிறாள். பேச்சு குறைந்துவிட்டது. நல்ல இடம் ஒன்று வந்தது. வேண்டாம் என்று சொன்னவள் காரணம் சொல்லவில்லை. ஆண்ட்ரூ எஸ்டேட்டை விட்டுப் போய்விட்டதாக இவர் சந்தையில் கேள்விப்பட்டார். உண்மையா?

கிறிஸ்துமஸுக்கு இங்கே வாருங்கள். நீங்கள் இல்லாமல் இந்த வீட்டில் யாரையும் அதட்ட ஆளில்லை.

உங்கள் தங்கை,
ஆன்சி


வெள்ளரிமட்டம்
12 டிசம்பர் 2024

ஆன்சி,

புடவை வந்தது. பிரிக்கவில்லை. கிறிஸ்துமஸுக்கு வர மாட்டேன். ஏன் என்று படித்தால் தெரியும். ஷெரினையும் பக்கத்தில் உட்கார வைத்துப் படி.

ஆண்ட்ரூ போனது உண்மை. ஃபேக்டரிச் சத்தத்தில் கேட்கவில்லை என்று மனுவேல் அண்ணன் ஸ்பீக்கரில் போட்டதால், உன் வீட்டுக்காரர் போனில் சொன்னது ஃபேக்டரி மேட்டில் நின்றவர்கள் காதில் விழுந்திருக்கிறது. மறுநாள் முதல் அவன் கொழுந்து எடை போட நின்றால் பெண்கள் அடுத்த தராசுக்குப் போய் வரிசையில் நின்றார்கள். யாரும் ஒரு சொல் சொல்லவில்லை, முகத்துக்கு முன்னால் சிரிக்கவும் செய்தார்கள். அக்டோபரில் ராஜினாமா எழுதிக் கொடுத்துவிட்டு அவலாஞ்சி அணைப் பக்கம் கான்ட்ராக்ட் வேலைக்குப் போய்விட்டான். முன்னே இருந்த எஸ்டேட்டை விட்டது எதற்குத் தெரியுமா? மனுவேல் அண்ணனுக்கு நெஞ்சு வலி வந்தபோது பக்கத்தில் இருக்கத்தான். அதை எனக்குச் சொன்னவள் இங்கே கொழுந்து பறிக்கிற தெய்வம்மா. நான் முன்பே கேட்டிருந்தால் முன்பே சொல்லியிருப்பாள்.

செவ்வாய்க்கிழமை மறுபடி ஈரவெளிச்சம் வந்தது. க்ரீச்சில் பிள்ளைகளை வட்டமாக உட்கார வைத்துத் தலையைக் குனியச் சொல்லி நானும் குனிந்தேன். தெய்வம்மாவின் பேத்தி, இப்போதுதான் நடக்கப் பழகுகிறது, அது எழுந்து வாசலுக்குப் போய்விட்டது. வாசலில் படி. விழுந்துவிடுமே என்று எழுந்து ஓடினேன்.

குழந்தை முற்றத்தில் நின்றுகொண்டு கைதட்டிச் சிரித்தது. அதன் காலிலிருந்து கறுப்பாக ஒரு நிழல் நீண்டு மேட்டில் ஏறிக் கிடந்தது, ஆன்சி. பால் மணம் மாறாத குழந்தைக்கு என்ன கள்ளம்? அதன் பக்கத்தில் இன்னொரு நிழல், இன்னும் நீளமாக, மேலே இருக்கும் பாதை வரைக்கும் போயிருந்தது. நான் கையைத் தூக்கினேன். அதுவும் தூக்கியது.

நிற்கிறவருக்கெல்லாம் நிழல் விழும், குந்தியிருப்பவருக்குக் காலடியிலேயே அடங்கிவிடும். அவ்வளவுதான். எல்லாரும் குனிந்தே இருந்ததால் யாருக்கும் அது தெரியவில்லை.

ஆகஸ்டில் நிமிர்ந்து பார்த்த அந்தப் பெண் நான்தான். தெரியாமல் பார்க்கவில்லை. உன் ஜூலைக் கடிதம் வந்ததிலிருந்து வெளிச்சத்துக்காகக் காத்திருந்தேன். அது ஏறியதும் க்ரீச் படியில் நின்றுகொண்டு அவனைத் தேடிப் பார்த்தேன். அவன் ஒழுங்காகக் குந்தி, முழங்காலில் முகத்தை வைத்திருந்தான். வெளிச்சம் என் முதுகுக்குப் பின்னால் பள்ளத்திலிருந்து வந்துகொண்டிருந்தது. அவன் காலடியில் கிடந்தது என் நிழல்.

அதை எழுதும்போதுகூட நான் பார்த்தேன் என்று எழுதத் துணிவு வரவில்லை. ஊரில் இல்லாத ஒரு பெண்ணை உண்டாக்கி அவள் தலையில் வைத்தேன். நீ அவளுக்கு நன்றி சொல்லச் சொன்னாய். அந்த வரியைப் படித்த நாளிலிருந்து எனக்கு உன் கடிதங்களைத் திறக்கவே கூசியது. ஓணத்துக்கு நீ போட்ட கடிதம் இன்னும் உறை பிரிக்காமல் இருக்கிறது. வெட்கமாக இருக்கிறது, ஆன்சி. கண்ணாடி முன்னால் தலை வார வெட்கமாக இருக்கிறது.

நீ திட்டி எழுதினாலும் எழுது.

ஜெஸிந்தா


கூடலூர்
19 ஜனவரி 2025

பெரியம்மாவுக்கு,

ஷெரின் எழுதுகிறேன். அம்மாவுக்கு இப்போது உங்களுக்கு எழுத முடியவில்லை. பேனாவை எடுக்கிறார், வைத்துவிடுகிறார். நீங்கள் சுகமாக இருக்கிறீர்களா என்று மட்டும் கேட்கச் சொன்னார்.

நானும் அப்பாவும் அவலாஞ்சிக்குப் போனோம். உங்கள் கடிதத்தை எடுத்துப் போயிருந்தேன். ஆண்ட்ரூ எங்களைப் பார்த்ததும் வேலையை நிறுத்திவிட்டு டீ வாங்கிக் கொடுத்தார். கடிதத்தை முழுக்கப் படித்துவிட்டு மடித்து என்னிடமே தந்தார்.

"தெரியுமுங்க," என்றார். "குனிஞ்சுட்டு இருந்தப்ப என் முன்னாடி மண்ணுல நிழல் வந்து விழுந்துச்சு. கீழ க்ரீச் படியில யாரோ நிக்கறாங்கன்னு தெரிஞ்சுது. அங்க யாரு நிப்பாங்க, உங்க பெரியம்மாதான்."

"அப்பறம் ஏனுங்க சொல்லல?" என்று அப்பா கேட்டார்.

"கண்ணுல பட்டதைச் சொல்லக் கூடாதுங்களே. சொன்னா அந்தம்மாவ எஸ்டேட்டே ஒதுக்கி வெச்சிருக்கும்."

அப்பா எழுந்து அந்தப் பக்கம் போய் நின்றுகொண்டார். நான் என்னை மன்னிக்கச் சொல்லிக் கேட்டேன். அவர் போன் செய்தபோது எடுக்காதவள் நான்தானே. உங்களைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை, பெரியம்மா. நீங்கள் ஒரு நிழலையாவது பார்த்தீர்கள். நான் எதையுமே பார்க்கவில்லை, அவரிடம் ஒரு வார்த்தை கேட்கவும் இல்லை.

கல்யாணத்தைப் பற்றி அப்பா பேச்செடுத்தார். அதற்கு ஆண்ட்ரூ சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "அது அப்பறம் பேசலாமுங்க. இந்தக் கடுதாசி உங்க ஊட்டுக்குத்தான வந்துச்சு, எஸ்டேட்டுக்கு வரலீங்களே. எங்கப்பா இன்னைக்கும் அங்கதான் வேலைக்குப் போறாரு. அவரு பக்கத்துல உக்காந்து சாப்பிட இன்னும் யாரும் வரல."

நான் காத்திருக்கிறேன். எவ்வளவு நாள் என்று அவரிடம் கேட்கவில்லை.

ஷெரின்


வெள்ளரிமட்டம்
3 பிப்ரவரி 2025

ஷெரின் கண்ணுக்கு,

சுகமாகத்தான் இருக்கிறேன் என்று அம்மாவிடம் சொல். அவளை எழுதச் சொல்லி வற்புறுத்தாதே. அப்பாவை வேளைக்கு மாத்திரை போடச் சொல்.

உன் கடிதம் வந்த பிறகும் சில நாள் சும்மாதான் இருந்தேன். மனுவேல் அண்ணனைத் தனியாகப் பார்த்துக் காலில் விழுந்துவிடலாமா என்று நினைத்தேன். அது எனக்குச் சுலபம், அவருக்கு அதனால் ஒரு பயனும் இல்லை. பாதரிடம் பாவசங்கீர்த்தனம் செய்தேன். அவர், "இதை என்கிட்ட மட்டும் சொன்னாப் போதுமாம்மா?" என்று கேட்டார்.

இன்று காலை பெரட்டுக்குப் போனேன். வேலைக்குப் பெயர் கொடுக்க ஃபேக்டரி முன்னால் எல்லாரும் கூடும் இடம் அது, உனக்குத் தெரியாது. கணக்கப்பிள்ளை பெயர் கூப்பிட்டு முடித்ததும் ஒரு விஷயம் சொல்ல வேண்டும் என்றேன். க்ரீச்சுக்குப் பால் பவுடர் கேட்கப் போகிறேன் என்று நினைத்திருப்பார்கள். ஆகஸ்டில் வெளிச்சத்தில் நிமிர்ந்தது நான் என்றேன். பார்த்தது ஆண்ட்ரூவின் நிழல் அல்ல, என் நிழல் என்றேன். நிற்கிற யாருக்கும் அது விழும், தெய்வம்மாவின் பேத்திக்கும் விழுந்தது என்றேன். என் குரல் எனக்கே சரியாகக் கேட்கவில்லை. தெய்வம்மா என்னைப் பார்க்காமல் கூடையைச் சரிசெய்துகொண்டே இருந்தாள். ஒருவரும் என் முகத்தைப் பார்க்கவில்லை. எல்லாரும் கிளம்பத் திரும்பினார்கள். சொல்லியாகிவிட்டது, தப்பித்தேன் என்று நானும் திரும்பினேன். உண்மையில் அப்படித்தான் நினைத்தேன்.

மனுவேல் அண்ணன் ஃபேக்டரி வாசலில் நின்றிருந்தார். "போகாதீங்க, நில்லுங்க," என்று எல்லாரையும் பார்த்துச் சொன்னார். அவர் சத்தம் போட்டு இந்த எஸ்டேட்டில் யாரும் கேட்டதில்லை. உள்ளே போனார். கொழுந்து வாட்டுகிற ஃபேன்கள் ஒவ்வொன்றாக நின்றன. பிறகு ரோலர் நின்றது. ஃபேக்டரி முழுக்க ஓய்ந்ததும் கையைத் துடைத்துக்கொண்டே வெளியே வந்தார்.

"பின்னாடி இருக்கறவங்களுக்குக் கேட்டிருக்காதுங்க," என்றார் என்னிடம். "இன்னொருக்கா சொல்லுங்க. எம் பையன் பேரையும் சேத்துச் சொல்லுங்க."

நான் முதலிலிருந்து சொன்னேன்.

ஜெஸிந்தா